‘நாக்கர்ட்’ என்றால் வெறும் களைப்பு இல்லை

லண்டனில் மருத்துவரிடம் போகும் எங்கள் ஆட்களுக்கு மொழிபெயர்த்துக் கொடுப்பதுதான் என் வேலை. ஆளை அடையாளம் காட்டும் எதையும் வெளியில் சொல்லக்கூடாது, சொல்லவும் மாட்டேன். ஆனால் ஒரு சொல்லைச் சொல்லலாம். அறுபதை நெருங்கும் ஒருவர், பல வருடமாக இரவு வேலை செய்பவர், நான் வாயைத் திறப்பதற்கு முன்னாலேயே மருத்துவரை நேராகப் பார்த்து “ஐ ஆம் நாக்கர்ட்” என்றார். மருத்துவர் தட்டச்சு செய்வதை நிறுத்திவிட்டு அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தார். அன்று காலையிலிருந்து எத்தனையோ பேர் அந்த அறையில் “டயர்ட்” என்று சொல்லியிருப்பார்கள், அதற்கெல்லாம் அப்படித் திரும்பியிருப்பாரா தெரியாது.

வெளியே வந்ததும் அவர் குரலைத் தாழ்த்திக் கேட்டார்: “என்ன தம்பி, நான் சொன்னது கெட்ட சொல்லோ? வேலையில எல்லாரும் அப்பிடித்தான் சொல்லுறவை.” “கெட்ட சொல் இல்லை அண்ணை, நீங்கள் சரியாத்தான் சொன்னீங்கள்” என்றேன். அதற்குள் அவருடைய பஸ் வந்துவிட்டது. அது முழுப் பதில் இல்லை. அந்தச் சொல்லுக்குப் பின்னால் ஒரு பெரிய கதை இருக்கிறது, அதோடு சேர்ந்த மற்றச் சொற்களுக்கும் இருக்கிறது. மீதியை இங்கே எழுதுகிறேன்.

முதலில் ‘டயர்ட்’. பழைய ஆங்கிலக் காலத்திலிருந்தே இருக்கும் சொல், வேர் தெரியவில்லை என்றுதான் அகராதிகளே போடுகின்றன. பழையது என்றாலும் மெலிந்த சொல். நித்திரை வந்தாலும் டயர்ட், எட்டு மணி நேரம் பெட்டி தூக்கினாலும் டயர்ட், ஒருவர் சொன்னதையே திரும்பத் திரும்பச் சொல்லிக் கேட்டுச் சலித்தாலும் டயர்ட். தமிழில் இவை மூன்றையும் நாங்கள் ஒரு நாளும் குழப்புவதில்லை. நித்திரை வருவது வேறு, களைப்பு வேறு, சலிப்பு வேறு. அலுப்பு, அசதி, சோர்வு, அயர்வு என்று களைப்புக்குள்ளேயே எத்தனை படி இருக்கிறது! மருத்துவருக்கு இந்த வித்தியாசம் சின்ன விஷயமில்லை. பகலில் உட்கார்ந்த இடத்தில் கண் சொருகுகிறது என்றால் இரவு நித்திரையில் மூச்சுத் தடைப்படுகிறதா என்று பார்ப்பார்கள். உடம்பில் பலமே இல்லை என்றால் இரத்தச்சோகை, தைராய்டு, சர்க்கரை என்று வேறு பக்கம் போவார்கள். ‘எந்நேரமும் களைப்பு’ என்று வந்து நிற்பவர்கள் இங்கே அவ்வளவு பேர் என்பதால், பிரித்தானியக் குடும்ப மருத்துவர்கள் அதற்கு ‘டி.ஏ.டி.டி.’ (டயர்ட் ஆல் த டைம்) என்று நான்கெழுத்துச் சுருக்கமே வைத்திருக்கிறார்கள்.

டயர்ட் விட்டுவைத்த இந்த இடைவெளியைத்தான் பேச்சுவழக்குச் சொற்கள் நிரப்புகின்றன. நான் கவனித்தவரைக்கும் அவற்றில் மிகப் பெரும்பாலானவை கட்டிலிலிருந்தோ கனவிலிருந்தோ வரவில்லை. வேலை செய்து தேய்ந்துபோன ஏதோ ஒன்றிலிருந்து வந்திருக்கின்றன. ஒரு குதிரை, ஒரு கயிறு, துணியின் ஓரம், தொப்பியின் நாடா. சொன்னவர்களும் அந்த வேலைகளைச் செய்தவர்கள்தான்.

நாக்கர்ட் என்பதில் உள்ள ‘நாக்கர்’ ஒரு தொழில். உழைக்க முடியாமல் போன குதிரைகளை, செத்த குதிரைகளை விலைக்கு வாங்கி, உயிர் இருந்தால் கொன்று, தோல் வேறு எலும்பு வேறாகப் பிரித்து விற்பவன் நாக்கர். அவனுடைய முற்றம் ‘நாக்கர்ஸ் யார்ட்’. பதினாறாம் நூற்றாண்டில் இதே சொல் குதிரைச் சேணம், வார் செய்பவனைக் குறித்தது. சேணத்துக்கான பழைய ஸ்காண்டிநேவியச் சொல் ஒன்றிலிருந்து வந்திருக்கலாம் என்பார்கள். ஒரு காலத்தில் குதிரைக்கு வேலை உடுப்புத் தைத்தவனின் பெயர், பிறகு அதன் தோலை உரிப்பவனின் பெயராகிவிட்டது. எப்படி நகர்ந்தது என்று முழுக்கத் தெளிவில்லை, ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டில் நாக்கர் என்றால் லண்டன்காரன் யாருக்கும் அந்த முற்றமும் அதன் நாற்றமும்தான் நினைவுக்கு வந்திருக்கும்.

அந்தக் காலத்து லண்டனைக் கொஞ்சம் கற்பனை செய்து பார்க்க வேண்டும். நூற்றாண்டின் கடைசியில் நகரத்தில் ஏறக்குறைய 3 லட்சம் குதிரைகள் வேலை செய்தன என்பது வழக்கமாகச் சொல்லப்படும் மதிப்பீடு. குதிரை பஸ் ஒன்றை நாள் முழுக்க ஓட்ட பத்துப் பன்னிரண்டு குதிரைகள் வேண்டும், ஏனென்றால் ஒரு சோடிக் குதிரையால் சில மணி நேரத்துக்கு மேல் அந்தப் பாரத்தை இழுக்க முடியாது. மேட்டில் ஏறி, நிறுத்தத்தில் நின்று, மறுபடி அசையாத வண்டியை அசைத்துக் கிளப்புவதுதான் உடம்பை முறிக்கும் வேலை. நல்ல இளம் குதிரை ஒன்று பஸ்ஸில் நான்கைந்து வருடம் தாக்குப்பிடிக்கும். பிறகு அதைவிட மலிவான வண்டிக்கு விற்பார்கள், பிறகு அதைவிட மலிவான வண்டிக்கு. கடைசி விலை நாக்கர் கொடுப்பது.

அவன் கொடுத்த விலைக்கும் காரணம் இருந்தது, ஏனென்றால் எதுவும் வீணாகவில்லை. தோல் பதனிடுபவனுக்கு, குளம்பும் எலும்பும் பசை காய்ச்சுபவனுக்கும் பொத்தான் செய்பவனுக்கும் உரம் அரைப்பவனுக்கும், வாலும் பிடரி மயிரும் மெத்தை, நாற்காலி திணிப்பவனுக்கு, கொழுப்பு வண்டி அச்சுக்குப் பூசும் மசகுக்கு. இறைச்சியை அவித்துத் துண்டு போட்டு, குச்சியில் கோத்து, வீட்டுப் பூனைகளுக்கென்று தெருத்தெருவாக விற்றார்கள். ‘பூனை இறைச்சிக்காரர்’ என்று அதற்கே தனி வியாபாரிகள் இருந்தார்கள், 1850 வாக்கில் லண்டன் ஏழைகளின் தொழில்களை ஒவ்வொன்றாகப் போய் விசாரித்து எழுதிய ஹென்றி மேஹ்யூ என்ற பத்திரிகையாளர் அவர்களைப் பற்றியும் விரிவாகப் பதிந்திருக்கிறார். அந்த மசகுதான் என் மனதை விட்டுப் போக மறுக்கிறது. வண்டி இழுத்துச் செத்த குதிரையின் கொழுப்பு இன்னொரு குதிரை இழுக்கும் வண்டியின் அச்சில்.

ஆக, “நான் நாக்கர்ட்” என்று ஒருவர் சொன்னால், அடியில் கிடக்கும் பொருள் “ஓய்வெடுத்தால் சரியாகிவிடும்” என்பதல்ல, “என்னிடம் இனி எடுக்க ஒன்றுமில்லை, முற்றத்துக்கு அனுப்புங்கள்” என்பது. ஆங்கிலம் பேசுபவர்கள் எல்லாரும் இதை நினைத்துக்கொண்டு சொல்வதில்லை, அது உண்மை. கடையில் சாமான் வாங்கிக் களைத்தவர்களும் சொல்கிறார்கள். ஆனாலும் பொருளுக்கும் இது செல்லும் என்பதைப் பாருங்கள். காரின் பிரேக் நாக்கர்ட், முழங்கால் நாக்கர்ட், சலவை இயந்திரம் நாக்கர்ட். சலவை இயந்திரம் டயர்ட் என்று யாரும் சொல்லமாட்டார்கள். பாவித்துப் பாவித்துத் தேய்ந்தது என்ற அந்தப் பழைய பொருள் இன்னும் சாகவில்லை. லண்டனின் பெரிய பஸ் நிறுவனம் தன் கடைசிக் குதிரை பஸ்ஸை 1911இல் நிறுத்திவிட்டது, சொல் மட்டும் ஓடிக்கொண்டிருக்கிறது. தொழிலும் முழுதாக ஒழியவில்லை, பண்ணையில் செத்துவிழும் மாடு ஆடுகளை எடுத்துப்போக அனுமதி பெற்ற நாக்கர்கள் பிரித்தானியக் கிராமப்புறங்களில் இன்றும் இருக்கிறார்கள்.

சரி, கெட்ட சொல்லா என்ற அந்த அண்ணையின் கேள்விக்கு வருவோம். ‘நாக்கர்ஸ்’ என்று பன்மையில் சொன்னால் ஆணின் விதைகள் என்று ஒரு பொருள் உண்டு. அது வேறு வழியில் வந்தது: ‘நாக்’ என்பது டக்டக் என்று தட்டும் ஓசையைக் குறிக்கும் பழைய சொல், கையில் பிடித்துத் தட்டும் தாளக்கட்டைகளுக்கு நாக்கர்ஸ் என்று பெயர் இருந்தது, அதிலிருந்து இந்தப் பொருள். இரண்டு சொல்லும் ஒரே ஓசையில் வந்து முட்டியதால், நாக்கர்ட் என்பதற்கு ‘விதை அடிக்கப்பட்ட’ என்ற நிழலும் சேர்ந்துவிட்டது. எழுபது வயதுக்கு மேற்பட்ட சில ஆங்கிலேயப் பெண்கள் இதைக் கேட்டால் முகம் சுளிப்பது அதனால்தான். என் கணிப்பில் களைப்பின் பொருளைக் கொடுத்தது குதிரைதான், மற்றது பிறகு ஒட்டிக்கொண்டது. இன்றைக்கு வேலைத்தலத்தில், நண்பர்களிடம், ஏன் மருத்துவரிடம்கூட தாராளமாகச் சொல்லலாம். நேர்முகத் தேர்விலோ பிள்ளையின் தலைமை ஆசிரியரிடமோ வேண்டாம். ஒரே ஒரு எச்சரிக்கை: ‘-ட்’ இல்லாமல் ஒரு மனிதரை ‘நாக்கர்’ என்று சொல்லவே கூடாது. அயர்லாந்தில் அது ‘டிராவலர்’ எனப்படும் நாடோடிச் சமூகத்தவரை இழிவுபடுத்தும் வசைச்சொல். செத்த விலங்கைத் தொடும் தொழிலின் பெயரை ஒரு சமூகத்தின் மீது வசையாக வீசுவது எப்படி இருக்கும் என்று எங்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை.

நாக்கர்ட் என்று நேராகச் சொல்லக் கூச்சப்பட்டதாலும் இருக்கலாம், விளையாட்டாகவும் இருக்கலாம், கிழக்கு லண்டன்காரர்கள் அதற்கு ஒரு மூடுதுணி போட்டார்கள்: ‘கிரீம் கிராக்கர்ட்’. இதை முதன்முதலாகக் கேட்டபோது நான் இலங்கையில் வளர்ந்த பிள்ளையாகத்தான் கேட்டேன். காய்ச்சல் வந்தால் அம்மா பிளேன்ரீயில் தோய்த்துத் தரும் பிஸ்கட், கடையில் மலிபன், மன்சி என்று கேட்டு வாங்கும் பிஸ்கட், அதற்கும் களைப்புக்கும் என்ன சம்பந்தம்? சம்பந்தமே இல்லை, ஓசைதான். ‘நாக்கர்’ என்பதோடு ‘கிராக்கர்’ எதுகையாக முடிகிறது, அவ்வளவுதான். கிரீம் கிராக்கரை 1885இல் டப்ளினில் ஜேக்கப்ஸ் நிறுவனம் செய்யத் தொடங்கியது. அயர்லாந்தில் பிறந்த பிஸ்கட் பேரரசு போன வழியெல்லாம் போய் எங்கள் பேணிக்குள்ளும் வந்துவிட்டது.

ஒரு சொல்லை மறைத்து அதோடு எதுகை பொருந்தும் வேறு சொற்றொடரைச் சொல்லும் இந்தப் பழக்கம் கொக்னி எனப்படும் கிழக்கு லண்டன் உழைக்கும் மக்களுடையது. படிக்கட்டுக்கு ‘அப்பிளும் பேரிக்காயும்’ (ஸ்டேர்ஸ்–பேர்ஸ்), பாதத்துக்கு ‘இறைச்சித் தட்டுகள்’ (ஃபீட்–மீட்), தொலைபேசிக்கு ‘நாயும் எலும்பும்’ (ஃபோன்–போன்). 1859இல் ஜான் காம்டன் ஹாட்டன் தொகுத்த கொச்சைச் சொல் அகராதியில் இதைப் பற்றிய விளக்கம் இருக்கிறது. தெருவில் பாட்டுத் தாள் பாடி விற்றவர்களும் பேசிப் பேசிச் சாமான் விற்றவர்களும் பயன்படுத்திய இரகசிய மொழி என்று அவர் எழுதினார். இதில் வழக்கமாக நடப்பது, எதுகை வரும் பாதியே உதிர்ந்துவிடும். ‘இறைச்சித் தட்டுகள்’ என்பதில் தட்டுகள் மட்டும் மிஞ்சும், வெளியாள் ஒருவனுக்கு ஒன்றும் விளங்காது. கிரீம் கிராக்கர்ட் அப்படி உதிரவில்லை. முழுசாகவே சொல்கிறார்கள், கூடவே ‘-ட்’ சேர்த்து ஒரு பிஸ்கட்டை வினைச்சொல்லாகவும் ஆக்கிவிட்டார்கள். மறைப்பதற்காக அல்ல, அந்தச் சொல்லைச் சொல்லும்போது வாய்க்குள் நொறுங்கும் ஓசை பிடித்துத்தான் வைத்திருக்கிறார்கள் என்று எனக்குப் படுகிறது.

நொறுங்குவது என்றதும் ‘ஷாட்டர்ட்’. கண்ணாடி விழுந்து சுக்குநூறாவதுபோல. ‘ஸ்காட்டர்’, அதாவது சிதறு என்ற சொல்லின் கூடப்பிறந்தது. களைப்புக்கு இதைச் சொல்வது இருபதாம் நூற்றாண்டுப் பழக்கம். இதில் தெரிந்துகொள்ள வேண்டியது ஒன்றுதான்: பிரித்தானியர் “ஐ ஆம் ஷாட்டர்ட்” என்றால் கடும் களைப்பு, அமெரிக்கர் சொன்னால் மனம் நொறுங்கிப்போயிற்று, ஏதோ துக்கச் செய்தி. கனடாவிலிருந்து வந்த சொந்தக்காரர்கள் இதைக் கேட்டுப் பதறுவதைப் பார்த்திருக்கிறேன்.

‘ஃபாக்ட்’ அல்லது ‘ஃபாக்ட் அவுட்’ இப்போது வயதானவர்கள் வாயில்தான் கேட்கும், ஆனால் இதன் வரலாறு தனி. ‘ஃபாக்’ என்ற வினைக்கு முதலில் தொய்ந்து போவது, துவளுவது என்று பொருள். அதே சொல்லின் இன்னொரு கிளை, துணியின் அல்லது கயிற்றின் பிரிந்து தொங்கும் கடைசி நுனி. அந்த நுனியிலிருந்துதான் சிகரெட்டின் அடிக்கட்டைக்குப் பெயர் வந்து, பிறகு சிகரெட்டுக்கே பிரித்தானியாவில் ஃபாக் என்று பெயராயிற்று. (அமெரிக்காவில் இதே ஓசை ஓரினச்சேர்க்கை ஆண்களை இழிவுபடுத்தும் வசை, அங்கே போய் இந்த அர்த்தத்தில் சொல்லிவிட வேண்டாம்.) பதினெட்டாம் நூற்றாண்டு முடியும்போது துவளுவது உழைத்துத் துவளுவதாயிற்று. ஈட்டன், ஹாரோ போன்ற பணக்கார விடுதிப் பள்ளிகளில் மேல்வகுப்பு மாணவனுக்குப் பணிவிடை செய்யும் சின்னப் பையனுக்கு ‘ஃபாக்’ என்று பெயர். ரொட்டி வாட்டிக் கொடுக்க வேண்டும், சப்பாத்து துடைக்க வேண்டும், கூப்பிட்ட குரலுக்கு ஓட வேண்டும், பிந்தினால் அடி. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதி வரைக்கும் இது நடந்தது. நாளைக்கு நாட்டை ஆளப்போகிற பிள்ளைகள் என்று வளர்த்தவர்களுக்கு முதல் பாடமே இன்னொருவன் சப்பாத்தைத் துடைப்பது, இரண்டாம் பாடம் தன் சப்பாத்தை இன்னொருவனைக் கொண்டு துடைப்பிப்பது. நாக்கர்ட் என்பது தெருவின் களைப்பு, ஃபாக்ட் என்பது அந்தப் பள்ளிகளின் களைப்பு. சொல்லைக் கேட்டே ஆள் எங்கே வளர்ந்தவர் என்று ஒரு காலத்தில் கண்டுபிடித்திருப்பார்கள்.

‘பகர்ட்’ என்று ஒன்று இருக்கிறது, களைத்த ஆளுக்கும் கெட்டுப்போன இயந்திரத்துக்கும் சொல்வது. இதுதான் உண்மையில் கெட்ட சொல், நான் யாருக்கும் சிபாரிசு செய்யமாட்டேன். ஆனால் வேர் வியப்பானது: பல்கேரியா. பத்தாம் நூற்றாண்டில் அங்கே தோன்றிய போகோமில் என்ற கிறித்தவப் பிரிவைத் திருச்சபை மதவிரோதம் என்று முத்திரை குத்தியது. ‘பல்கேரியன்’ என்ற சொல் பிரெஞ்சு வழியாக ‘மதவிரோதி’ ஆகி, மதவிரோதி என்றால் இயற்கைக்கு மாறான உறவு வைப்பவன் என்ற அவதூறும் சேர்ந்து, ஆங்கிலத்துக்கு வந்தது. 1533இல் எட்டாம் ஹென்றி காலத்தில் அது சட்டத்திலேயே ஏறியது. அந்தச் சட்ட மரபுதான் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவாக 1860இல் வந்தது, வயதுவந்தவர்களின் இணக்கமான உறவைப் பொறுத்தவரை 2018இல்தான் உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. இன்று வேலை முடிந்து வரும் ஒரு மேசன் வாயிலிருந்து விழும் சொல்லுக்குள் ஒரு நாட்டின் பெயர் அவமானப்பட்டுக் கிடக்கிறது.

இனி சிப்பாய்களும் மாலுமிகளும். எனக்கு மிகப் பிடித்த சொல் இங்கேதான் இருக்கிறது: ‘சின்ஸ்ட்ராப்’. தலையில் போடும் தொப்பி விழாமல் நாடிக்குக் கீழே மாட்டும் நாடா. முதல் உலகப்போர்க் காலத்துப் பிரித்தானியச் சிப்பாய்கள் “நாடி நாடாவில் வந்து சேர்ந்தேன்” என்பார்கள். கால் எப்போதோ நின்றுவிட்டது, முதுகு நின்றுவிட்டது, ஆளைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வந்தது அந்த ஒரு விரல் அகல நாடாதான் என்று பொருள். இன்றும் படையில் ‘சின்ஸ்ட்ராப்ட்’ என்றால் முற்றாகக் களைத்தவர்.

கடற்படையில் ‘ஃபிளேக் அவுட்’, இன்னும் செல்லமாக ‘ஹாரி ஃபிளேக்கர்ஸ்’. நங்கூரச் சங்கிலியையோ பெரிய வடத்தையோ சுருள் அவிழ்த்துக் கப்பலின் மேல்தளத்தில் வளைவு வளைவாகப் பரப்பிப்போடுவது ஃபிளேக். மாலுமிகள் சொல்லும் விளக்கம், அப்படி நீட்டிப் பரப்பிப் போட்ட வடம் மாதிரி விழுந்து கிடப்பது. கடைசியில் வரும் ‘-ர்ஸ்’ ஆக்ஸ்ஃபோர்ட் மாணவர் பேச்சிலிருந்து வந்த வால், ‘அசோசியேஷன் ஃபுட்பால்’ என்பதை வெட்டி ‘சொக்கர்’ ஆக்கியவர்களும் அவர்கள்தான்.

ஸ்காட்லாந்துப் பக்கம் போனால் ‘பகிள்ட்’ என்று ஒரு சொல். “ஆம் பகிள்ட்” என்றால் இனி ஓர் அடி எடுத்துவைக்க முடியாது. இந்தியாவில் இருந்த பிரித்தானியச் சிப்பாய்கள் இந்துஸ்தானியின் ‘பாகல்’ என்ற சொல்லை, பைத்தியம் என்ற பொருளில், ‘பகிள்’, ‘பொகிள்’ என்று எடுத்துக்கொண்டார்கள். வெயிலில் மூளை கலங்கியவன் பகிள்ட். ஸ்காட்லாந்தின் பகிள்ட்டும் அதன் வழிதான் என்று சொல்வதுண்டு. அந்தக் காலத்து ஆங்கில-இந்தியச் சொற்களின் பேரகராதியான ‘ஹாப்சன்-ஜாப்சன்’ 1886இல் வந்தபோது அதிலும் இந்தச் சொல் இருந்தது, ‘முட்டாளும் பணமும் சீக்கிரம் பிரிவார்கள்’ என்ற பழமொழியை, பாதி லத்தீனும் பாதி இந்துஸ்தானியுமாகக் கலந்து அந்த நாளைய ஆங்கிலேயர் சொன்னதையும் சேர்த்துப் பதிந்திருக்கிறார்கள். தொகுத்தவர்களில் ஒருவர் பர்னல், சென்னை மாகாணத்தில் அதிகாரியாக இருந்தவர், தஞ்சாவூர் அரண்மனைச் சுவடிகளுக்குப் பட்டியல் போட்டவர்.

சிப்பாய்கள் களைப்புக்கு மட்டும் அல்ல, களைப்பில்லாத வேலைக்கும் இந்தியாவிலிருந்தே சொல் கொண்டுபோனார்கள். ‘குஷி’ அவர்கள் வாயில் ‘குஷி ஜாப்’ ஆகி, நோகாமல் சம்பளம் வாங்கும் வேலைக்கு இன்றும் ஆங்கிலேயர் ‘குஷி’ என்கிறார்கள். படையில் ‘சார்ப்’ என்றால் படுக்கை, அது ‘சார்பாய்’, கயிற்றுக்கட்டில். பிறகு ‘காட்’. இங்கே பிறந்த குழந்தையைப் படுக்க வைக்கும் கம்பி போட்ட தொட்டிலுக்குக் காட் என்று பெயர், பழைய போர்க்கப்பல்களில் அதிகாரி தொங்கவிட்டுப் படுத்த கட்டிலுக்கும் அதே பெயர். பதினேழாம் நூற்றாண்டில் இந்தியின் ‘காட்’ என்ற சொல்லிலிருந்து எடுத்தது, அது சமஸ்கிருத ‘கட்வா’வின் வழி, அந்த கட்வாவே பெரும்பாலும் ஒரு திராவிட மொழியிலிருந்து போனது என்று சொற்பிறப்பு அகராதிகள் எழுதி, ஒப்பிட்டுப் பார்க்க எங்களுடைய ‘கட்டில்’ என்ற சொல்லைக் காட்டுகின்றன. முதல் பிள்ளைக்குக் கடையில் காட் வாங்கப் போகும் தமிழ்ப் பெற்றோருக்கு இதைச் சொல்லாமல் என்னால் இருக்க முடிவதில்லை.

படுக்கை கிடைக்காதவர்களின் சொற்களும் உண்டு. ‘கிப்’ என்றால் குட்டித் தூக்கம், இப்போது எல்லா வீட்டிலும் புழங்கும் சொல். பதினெட்டாம் நூற்றாண்டில் அதற்குப் பொருள் விபச்சார விடுதி. குடிசையையும் மட்டமான கள்ளுக்கடையையும் குறிக்கும் டேனிஷ் சொல் ஒன்றோடு அதற்கு உறவு சொல்கிறார்கள். விடுதியின் பெயர் மலிவான தங்குமிடத்துக்கு வந்து, பிறகு அங்கே கிடைக்கும் படுக்கைக்கு வந்து, கடைசியில் அந்தப் படுக்கையில் வரும் நித்திரைக்கு வந்தது. ‘டாஸ்’ என்பதும் அதே தெரு. முதுகைக் குறிக்கும் லத்தீன் சொல்லின் வழி வந்திருக்க வேண்டும், முதுகைச் சாய்க்க ஓர் இடம் அவ்வளவுதான். விக்டோரியா காலத்து லண்டனில் நான்கு பென்ஸ் கொடுத்தால் சவப்பெட்டி போன்ற ஒரு மரப்பெட்டியில் நீட்டிப் படுக்கலாம். அதற்கும் வழியில்லாதவர்கள் இரண்டு பென்ஸுக்கு வரிசையாக ஒரு வாங்கில் உட்கார்ந்து, முன்னால் குறுக்கே கட்டிய கயிற்றின் மேல் கைகளைப் போட்டுச் சாய்ந்து தூங்கினார்கள். 1930களில்கூட அது இருந்ததை ஜார்ஜ் ஆர்வெல் எழுதியிருக்கிறார். விடிந்ததும் கயிற்றை அவிழ்த்துவிடுவார்கள்.

இந்தக் கயிற்றை வைத்து இணையத்தில் ஒரு கதை ஓடுகிறது, குடித்த மறுநாள் தலைவலிக்கு ‘ஹாங்ஓவர்’ என்ற பெயர் இந்தக் கயிற்றில் தொங்கியதால் வந்தது என்று. பிழை. மிச்சம் நின்றது, தொடர்ந்து வந்தது என்ற பொருளில் அமெரிக்காவில் பிறந்த சொல் அது. ‘ஸ்லீப் டைட்’ என்பது கட்டில் கயிற்றை இறுக்கிக் கட்டுவதிலிருந்து வந்தது என்பதும் அப்படித்தான், அங்கே டைட் என்றால் ஆழ்ந்து, நன்றாக என்று பொருள். ‘நாய்க் களைப்பு’ என்ற ‘டாக் டயர்ட்’ ஆல்ஃபிரட் அரசர் தன் பிள்ளைகளை வேட்டை நாய்களின் பின்னால் ஓடவிட்டதிலிருந்து வந்தது என்பார்கள், அதற்கு ஆதாரமே கிடையாது. ஷேக்ஸ்பியர் காலத்திலேயே மேடையில் ‘நாய்போல் அயர்ந்தேன்’ என்று ஒரு வேலைக்காரன் சொல்கிறான். நாள் முழுக்க ஓடிவிட்டு வந்து தொப்பென்று விழும் நாயைப் பார்த்தவனுக்கு அரசர் கதை எதற்கு? பொய்க் கதைகள் பரவுவது எனக்கு வருத்தமாக இருக்கிறது, ஏனென்றால் உண்மைக் கதைகளில் உழைத்தவர்கள் இருக்கிறார்கள், பொய்க் கதைகளில் அரசர்கள் வந்துவிடுகிறார்கள்.

ஸ்காட்லாந்தில் இன்னும் இரண்டு சொல் சொல்லிவிடுகிறேன். ‘வாபிட்’ என்றால் காய்ச்சலுக்குப் பிறகு முகம் வெளிறி, எதிலும் பிடிப்பில்லாமல் இருப்பது, எங்களுடைய சோர்வுக்கு மிகக் கிட்டத்தில் வருவது. ‘ஃபர்ஃபாக்கன்’ என்றால் சண்டை போட்டுச் சண்டை போட்டு ஓய்ந்தது. இதை வெறும் டயர்ட் என்று மொழிபெயர்ப்பவர் அந்தச் சண்டையைத் தொலைத்துவிடுவார்.

மொழிபெயர்ப்பில் தொலைவது என்ன என்பதை நான் மறுபக்கத்திலிருந்தும் படித்திருக்கிறேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு அம்மா, “உடம்பெல்லாம் அடிச்சுப் போட்ட மாதிரி இருக்கு” என்றார். எங்கள் எல்லாருக்கும் தெரிந்த பேச்சு, கடும் அசதி. நான் அதைச் சொல்லுக்குச் சொல் ஆங்கிலத்தில் வைத்தேன். மருத்துவர் முகம் மாறிவிட்டது. பேனாவை வைத்துவிட்டு, வீட்டில் யாராவது உங்களை அடிக்கிறார்களா என்று அந்த அம்மாவிடம் கேட்கச் சொன்னார். கேட்க வேண்டியது அவர் கடமை, அவரில் பிழையில்லை. அந்த அம்மா திகைத்துப்போய் என்னைப் பார்த்த பார்வை இன்னும் கண்ணில் நிற்கிறது. அதற்குப் பிறகு அந்தத் தமிழ்ப் பேச்சு வரும்போது, இது களைப்பைச் சொல்லும் வழக்கு என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். அந்த அளவுக்கு நிறை உள்ள ஆங்கிலச் சொல் கேட்டால், டயர்ட் அல்ல, நாக்கர்ட்தான்.

அதனால்தான் அந்த அண்ணை தானாகவே அந்தச் சொல்லைப் போட்டபோது நான் குறுக்கிடவில்லை. இரவு வேலையில், பாரம் தூக்கும் இடத்தில், கூட நின்றவர்களிடம் கேட்டுப் பழகிய சொல். அதன் எடை அவருக்குத் தெரிந்திருந்தது, அந்த மருத்துவருக்கும் தெரிந்திருந்தது. திரும்பி உட்கார்ந்த மருத்துவர் கேட்டது ஒரே கேள்விதான், எப்போதிலிருந்து என்று. அதை நான் தமிழில் சொன்னேன். அவர் உடனே பதில் சொல்லவில்லை. மடியில் இருந்த இடது கையை விரித்து, சுண்டுவிரலிலிருந்து தொடங்கி, வருடங்களை ஒவ்வொன்றாக மடக்கி எண்ண ஆரம்பித்தார்.